வேலு அம்மா கேட்ட ஆறு வினாடி

பேசவே தெரியாத பிள்ளை என்று என்னை எல்லாரிடமும் பெருமையாகவே சொல்லித் திரிந்த என் அப்பாவுக்கு,

நீங்கள் போய் எட்டு மாதம் ஆகிறது. அம்மா நன்றாக இருக்கிறாள். நம் ஊர் குரும்பகரத்தில் இந்த வருடம் சம்பா பழுதில்லாமல் வந்தது. வங்கி வாசலில் நீங்கள் காவலுக்கு உட்காரும் நாற்காலியில் இப்போது வேறொருவர் இருக்கிறார். அவரும் பட்டாளத்தில் இருந்தவர்தானாம். பஸ்ஸில் போகும்போது அந்தப் பக்கம் பார்க்காமல் இருக்கப் பழகிக்கொண்டேன்.

இதைச் சொல்ல இந்தக் கடிதம் எழுதவில்லை, அப்பா. நீங்கள் பூட்டி வைக்கச் சொன்னதை நான் திறந்துவிட்டேன். வேலு மாமாவின் அம்மா கேட்டுவிட்டார். முழுவதையும் கேட்டுவிட்டார்.

இதை நஸ்ரின் அக்கா அச்சில் போடப்போகிறார். அதனால் உங்களுக்குத் தெரிந்ததையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

நஸ்ரின் அக்கா திருமலைராயன்பட்டினத்துக்காரர். காரைக்காலில் இருக்கும் பழைய பட்டாளத்துக்காரர்களைப் பேசவைத்துப் பதிவு செய்து, ஆவணப்படம் எடுக்கிறார். கல்லூரி முடித்து வீட்டில் சும்மா இருந்த என்னை அவரிடம் கொண்டுபோய் விட்டவர் நீங்கள்தான். "எம் பொண்ணு பேச மாட்டா, தங்கச்சி. ஆனா காது நல்லாருக்கும்" என்று சொன்னீர்கள். அவர் சிரித்துக்கொண்டே ஒலிப்பதிவுக் கருவியையும் ஹெட்போனையும் என்னிடம் கொடுத்தார். எனக்குக் கிடைத்த முதல் வேலை அது. யாரையும் பார்த்துப் பேச வேண்டியதில்லை. எல்லாருடைய மூச்சும் என் காதுக்குள் கேட்கும்.

போன ஆடியில் உங்கள் முறை வந்தது. நம் வீட்டு நடையில் மின்விசிறியை நிறுத்தி, ஜன்னலுக்குப் போர்வை கட்டினோம். படத்தையும் ஒலியையும் பிறகு பொருத்துவதற்காக, ஒவ்வொரு முறை தொடங்கும்போதும் நான் கேமராவுக்கு முன்னால் கைதட்ட வேண்டும். தட்டினேன். நீங்கள் நாற்காலியோடு பின்னால் சாய்ந்து, தலையைத் தோளுக்குள் இழுத்துக்கொண்டீர்கள். உடனே சிரித்துச் சமாளித்தீர்கள். "மலரு, மெதுவாத் தட்டும்மா" என்றீர்கள். அதற்குப் பிறகு இரண்டு விரலால்தான் தட்டினேன்.

முதலில் வேடிக்கைக் கதைகள் சொன்னீர்கள். நீங்களும் பட்டினச்சேரி வேலு மாமாவும் ஒரே நாளில் பட்டாளத்தில் சேர்ந்தது. சண்டைக்காக மலைக்குப் போய் இறங்கிய அன்று அவர் சொன்னது. "கடலப் பாத்து வளந்தவன் இல்லியா. சுத்திப் பனியப் பாத்துட்டு, 'ஏ பக்கிரி, இத்தன ஐஸு கெடக்கு, ஒரு மீனு இல்லியேடா'ன்னான்" என்றீர்கள். நஸ்ரின் அக்கா சத்தம் வராமல் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். அவர் அப்படிக் கையை வைத்ததைப் பார்த்ததும் உங்கள் முகம் மாறியதை நான் கவனித்தேன். அதற்குப் பிறகு நெடுநேரம் நீங்கள் பேசவில்லை. கேமராவை நிறுத்தவா என்று நான் அக்காவைப் பார்த்தேன். வேண்டாம் என்று அவர் கண்ணைக் காட்டினார்.

அப்போதுதான் சொன்னீர்கள். நீங்கள் சொன்னபடியே எழுதுகிறேன். ஒரு சொல்லையும் நான் மாற்றவில்லை.

"அவன் அம்மாகிட்ட நான் சொன்னது பொய்யி. வேலு ஒடனே சாவல. நான்..."

மறுபடியும் நிறுத்தினீர்கள். கோடையில் ஓடி வந்த நாயைப் போல உங்கள் மூச்சு என் காதுக்குள் இரைத்தது.

"விடியறப்ப அஞ்சு பேரு ஒரு பாறைக்கு அடியில மாட்டிக்கிட்டோம். நேர் மேல அவனுங்க. நாங்க இருமுனாக்கூட கேக்கற தூரம். வேலுவுக்கு வயித்துல பட்டுச்சு. கொடலக் கையால உள்ள தள்ளிப் புடிச்சுக்கிட்டு ஒக்காந்திருந்தான். மொதல்ல சத்தமே போடல. ஆச்சரியமாப் பாத்துக்கிட்டே இருந்தான். அப்பறம் வலி வந்துச்சு. கத்துனான். அவன் கத்துன பக்கமாப் பாத்து மேலேருந்து குண்டப் போட்டானுங்க. எம் பக்கத்துல இருந்தவன் இடுப்புக்குக் கீழ இல்ல. அவன் ரத்தம் என் மூஞ்சியில அடிச்சு, அடிச்ச சூட்டோட ஒறைஞ்சு போச்சு. வேலு திரும்பக் கத்துனான். நான் வாயப் பொத்துனேன்.

"கடிச்சான். இந்தா, இங்க. எலும்பு வரைக்கும் கடிச்சான். நான் விடல. கால ஒதைச்சான். பூட்சு கல்லுல படற சத்தம் வருதுன்னு அவன் கால் மேல ஏறி ஒக்காந்தேன். கண்ணு என்னையே பாத்துச்சு. அவன் நகம் என் கன்னத்தக் கிழிச்சுது. அப்பறம் நின்னுடுச்சு. எப்ப நின்னுச்சுன்னு தெரியல. எடுத்தா கத்துவானோன்னு கைய எடுக்கப் பயம். பொழுது சாயற வரைக்கும் எடுக்கல. மூணு பேரு எறங்கி வந்தோம்."

உங்கள் வலது கைக் கட்டைவிரலுக்குக் கீழே இருந்த அந்தத் தழும்பைக் கதிர் அறுக்கும்போது கருக்கரிவாள் பட்டது என்று சொல்லியிருந்தீர்கள். இருபது வருடம் நம்பினேன்.

பேசி முடித்ததும் நஸ்ரின் அக்கா வழக்கம்போல ஒப்புதல் தாளைக் கொடுத்தார். எதைப் படத்தில் போடலாம், எதை மூடி வைக்க வேண்டும், எதுவரைக்கும் என்று பேசியவரே எழுதித் தர வேண்டும். அது அவருடைய முறை. நீங்கள் பேனாவை அழுத்திப் பிடித்து எழுதினீர்கள்: 'வேலு அம்மா உயிருடன் இருக்கும்வரை கடைசிப் பகுதி வேண்டாம்.' கீழே கையெழுத்து, பழைய படை எண். பிறகு எழுந்துபோய் மாட்டுக்குத் தண்ணீர் காட்டினீர்கள். என் முகத்தைப் பார்க்கவில்லை. நானும் உங்கள் முகத்தைப் பார்க்கவில்லை. அடுத்த மாதம் வங்கி வாசலிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்தீர்கள்.

நான் செய்த தவறை இப்போது சொல்கிறேன்.

படத்தை வெட்டிச் சேர்க்கும் வேலையை அக்கா எனக்குக் கற்றுக்கொடுத்திருந்தார். மற்றவர்கள் பேசியதை வெட்டினேன். உங்கள் பகுதி வந்தது. லேப்டாப்பில் உங்கள் குரலை மூன்று சொல் கேட்டேன், "மெதுவாத் தட்டும்மா" வரைக்கும். அதற்கு மேல் முடியவில்லை. ஒலியை அணைத்துவிட்டேன். திரையில் குரல் கோடுகோடாகத் தெரியும். பேசும்போது உயரும், நிறுத்தினால் தட்டையாகும். அந்தக் கோட்டை மட்டும் பார்த்து வெட்டினேன். மீன் கதைக்குப் பிறகு நீங்கள் மௌனமான இடத்தில் படத்தை மாற்றி, அரசலாறு கடலில் சேரும் காட்சியைப் போட்டேன். ஒலியைத் தட்டையான கோட்டில் நிறுத்தினேன்.

நீங்கள் இரண்டு முறை மௌனமானீர்கள் அல்லவா? படத்தை முதல் மௌனத்தில் மாற்றிவிட்டு, ஒலியை இரண்டாவது மௌனத்தில் நிறுத்தியிருக்கிறேன்.

போன மாதம் திருமலைராயன்பட்டினத்தில் ஒரு பள்ளிக்கூடக் கூடத்தில் படத்தை முதன்முதலாகப் போட்டுக் காட்டினோம். பழைய பட்டாளத்துக்காரர்கள் குடும்பத்தோடு வந்திருந்தார்கள். வேலு மாமாவின் அம்மாவை முன்வரிசையில் உட்காரவைத்தார்கள். மீன் கதைக்கு எல்லாரும் சிரித்தார்கள். அவர்தான் அதிகம் சிரித்தார். "அவன் பேச்சுதான், அவன் பேச்சேதான்" என்று பக்கத்தில் இருந்தவரின் தொடையில் தட்டினார். திரையில் ஆறு வந்தது. ஆற்றின் மேல் உங்கள் குரல் வந்தது. 'அவன் அம்மாகிட்ட நான் சொன்னது பொய்யி. வேலு ஒடனே சாவல. நான்...'

ஆறு வினாடி. அதற்குப் பிறகு அலைச் சத்தம், அடுத்த மனிதர்.

வேலு மாமாவின் அம்மா எழுந்து நின்றார். அவருடைய நிழல் திரையில் விழுந்தது. "நிறுத்து" என்றார். யாரோ, "ஆயா, ஒக்காருங்க" என்றார்கள். "நீ ஒக்காருடா. அப்பறம் என்ன சொன்னான் பக்கிரி? மேல போடு."

விளக்கைப் போட்டார்கள். பின்பக்கம் நஸ்ரின் அக்கா என் கையைப் பிடித்தார்.

"மலரு, இத நீ கேக்கவே இல்லியா?"

"இல்லக்கா."

"கேக்காமலா வெட்டுன?"

"பாத்து வெட்டுனேன்."

அவர் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

மறுநாள் காலையில் வேலு மாமாவின் அம்மா அக்காவின் வீட்டு மாடிக்கு வந்துவிட்டார். எழுபதை ஒட்டிய வயது. பட்டினச்சேரியிலிருந்து நடந்தே வந்திருந்தார். மூச்சு வாங்கிக்கொண்டே, "எதுல இருக்கு?" என்றார்.

"லேப்டாப்புல, ஆயா."

"போடு."

நஸ்ரின் அக்கா நீங்கள் எழுதிய தாளை எடுத்து மெதுவாகப் படித்துக் காட்டினார். அவர் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டார்.

"யாருக்காவ எழுதுனான் இத?"

"ஒங்களுக்காவத்தான் ஆயா. ஒங்க மனசு..."

"எனக்காவன்னா நான் சொல்றேன். போடு."

"எழுதுனவரு மவுத்தாயிட்டாரு ஆயா. அவரு வாக்க நாங்க மீறக்கூடாது."

"அவன் வாக்கா?" என்று சிரித்தார். அந்தச் சிரிப்பு நன்றாக இல்லை. "வருசா வருசம் ஆனி மாசம் அவன் செத்த நாளுக்கு வந்து ஒக்காந்து, 'வலிக்கவே இல்லம்மா, கண்ண மூடித் தொறக்கறதுக்குள்ள'ன்னான். கொடுவா மீன் கொழம்ப ஊத்தி ஊத்திக் கேட்டேன் நானும். அது வாக்கா?"

பிறகு என் பக்கம் திரும்பினார். "இங்க பாரு பாப்பா. சுனாமி வந்தப்ப அவன் சட்டை, போட்டோ, போட்ட காயிதம் எல்லாத்தையும் கடலு எடுத்துக்கிச்சு. இப்ப அவன் மொகமே எனக்குச் சரியா வரமாட்டேங்குது. மூக்கு வருது, கண்ணு வரல. உங்கப்பன் சொன்ன சாவு ஒண்ணுதான் என்கிட்ட இருந்துச்சு. அதுவும் பொய்யின்னா, எனக்குன்னு அவன் என்ன மிச்சம்?"

நஸ்ரின் அக்கா தாளை மடித்து மேசையில் வைத்தார். "மலரு, அவருக்கு மக நீ. இதுல நான் ஒரு வார்த்தையும் சொல்ல மாட்டேன்."

என் வாழ்க்கையில் என்னிடம் யாரும் எதையும் முடிவு செய்யச் சொன்னதில்லை, அப்பா. உங்களைக் கேட்க வேண்டும் போல இருந்தது. ஆறு வினாடியை அவருக்குக் கொடுத்துவிட்டு மிச்சத்தை மறைப்பது, அந்தப் பாறைக்கு அடியிலேயே அவரைக் கிடத்திவிட்டு வருவது போல அப்போது தோன்றியது. அது சரிதானா? இன்னும் தெரியவில்லை. ஹெட்போனை எடுத்து அவர் தலையில் மாட்டினேன். அவருடைய கொண்டை தடுத்தது. அவிழ்த்துவிட்டுக்கொண்டார்.

எனக்கு எதுவும் கேட்கவில்லை. திரையில் ஓடும் கோட்டைப் பார்த்து, நீங்கள் இப்போது எங்கே இருக்கிறீர்கள் என்று தெரிந்துகொண்டேன். குடலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்த இடத்தில் அவர் தன் வயிற்றைப் பிடித்தார். இன்னும் கொஞ்சம் போனதும் கையைத் தூக்கினார்.

"திரும்பப் போடு."

மூன்று முறை போட்டேன்.

"கடிச்சானா?"

"ஆமா, ஆயா."

"எலும்பு வரைக்கும்?"

"ஆமா. தழும்பு இருந்துச்சு. நான் பாத்திருக்கேன்."

"சின்னதுல அவங்க அண்ணனையும் அப்புடித்தான் கடிப்பான். ஒருவாட்டி வாய வெளக்குமாத்தாலதான் பிரிச்சோம்" என்றார். அவர் முகத்தில் ஒரு கணம் வெளிச்சம் வந்தது. எனக்குப் பயமாக இருந்தது. "நல்லாக் கடிச்சிருக்கான்."

மீதியையும் கேட்டார். கோடு தீர்ந்துபோன பிறகும் ஹெட்போனைக் கழற்றவில்லை. பிறகு கேட்டார்.

"கைய எடுத்திருந்தா?"

"மத்தவங்களும் செத்திருப்பாங்க, ஆயா."

"மத்தவனுங்களுக்கா நான் அம்மா?"

அறைந்தார். என் இடது காதோடு சேர்த்து விழுந்தது. இரண்டாவது அறை வாயில் விழுந்தது. உதடு பல்லில் குத்தி ரத்தம் வந்தது. நஸ்ரின் அக்கா நடுவில் வந்தார். அவரை நெட்டித் தள்ளினார். மேசையில் இருந்த சொம்பைத் தூக்கி எறிந்தார். அது அலமாரிக் கண்ணாடியை உடைத்துக்கொண்டு விழுந்தது. "எந்தக் கை? எந்தக் கையிடி?" என்று கத்தினார். "சோத்துக் கைதான? அந்தக் கையாலதான என் வீட்டுல தின்னான்? அவன் இப்ப இருந்தான்னா அருவாமணையில வச்சு அந்தக் கைய மீனு நறுக்கறாப்புல நறுக்கியிருப்பேன். நறுக்கிக் கடல்ல போட்டிருப்பேன்."

நான் நகரவில்லை. உங்களுக்கு வர வேண்டிய அடி என்று நினைத்தேனா? இல்லை, அப்பா. எதுவுமே நினைக்கவில்லை. காது கொய்யென்று இரைந்தது. கண்ணாடித் துண்டு ஒன்று அவர் பாதத்தில் குத்தி ரத்தம் வருவதை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

கத்திக் கத்தி ஓய்ந்து, தரையில் உட்கார்ந்தார். நஸ்ரின் அக்கா அவர் பாதத்தைத் தன் மடியில் எடுத்து வைத்துத் துடைத்தார். வேலு மாமாவின் அம்மா யாரையும் பார்க்காமல் கேட்டார்.

"மூச்சு முட்டியிருக்கும்ல? எப்புடி இருந்திருக்கும் அவனுக்கு?"

அதற்குப் பதில் என்னிடம் இருந்தது.

நீங்கள் இதை மறந்திருக்கலாம். எனக்கு ஆறு வயது. நீங்கள் விடுப்பில் வந்திருந்தீர்கள். எனக்குக் காதுவலி. விடாமல் அழுதேன். நீங்கள் ஓடி வந்து என் வாயைப் பொத்தினீர்கள். கண் என்னைப் பார்க்கவில்லை, எனக்குப் பின்னால் மேலே எதையோ பார்த்தது. அம்மா உங்கள் முதுகில் உலக்கையால் அடித்த பிறகுதான் விட்டீர்கள். அதற்குப் பிறகு இரண்டு நாள் நீங்கள் வீட்டுக்கு வரவில்லை. அன்றிலிருந்து நான் சத்தம் போட்டு அழுததில்லை. பேசுவதும் அப்படியே குறைந்தது. யாரிடமும் இதைச் சொன்னதில்லை.

அவரிடம் சொன்னேன். "மொதல்ல பீடி வாசமும் தேங்காயெண்ண வாசமும் வரும், ஆயா. கை பெரிசு. வாய மட்டும் பொத்தணும்னுதான் வைப்பாங்க, மூக்கும் சேந்து அடைச்சுக்கும். நெஞ்சுக்குள்ள எரியும். காதுக்குள்ள தண்ணி போறாப்புல சத்தம் வரும். அப்பறம் அந்தக் கைய நம்மளே புடிச்சுக்குவோம். தள்ளறதுக்குத்தான் புடிப்போம். ஆனா புடிச்சதும் விடத் தோணாது, ஏன்னா பக்கத்துல வேற யாரும் இல்ல."

அவ்வளவு நீளமாக நான் பேசி நஸ்ரின் அக்கா கேட்டதில்லை. வேலு மாமாவின் அம்மா என் முகவாயைப் பிடித்துத் திருப்பினார். தான் கிழித்த உதட்டைப் பார்த்தார். முந்தானையால் ரத்தத்தை அழுத்தித் துடைத்தார். வலிக்கும்படிதான் துடைத்தார்.

"ஒன்னையுமா?" என்றார். "பாவிப் பய."

பிறகு நஸ்ரின் அக்காவிடம், "கேமராவ வை. நானும் பேசணும்" என்றார்.

"இன்னிக்கு வேணாம் ஆயா. காலு..."

"காலாலயா பேசப்போறேன்? வை."

வைத்தோம். கொண்டையை முடிந்துகொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். நான் கைதட்டினேன். அவர் கண்கூடச் சிமிட்டவில்லை. உங்களிடம்தான் பேசினார். உங்களுக்கு அனுப்பியது என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

"ஏ பக்கிரி. மூணு அம்மாவுக்குப் புள்ளயத் திருப்பிக் குடுத்திருக்க. உங்கம்மாவையும் சேத்துத்தான் சொல்றேன். எம் புள்ளய எடுத்துத்தான் குடுத்த. அத எங்கிட்ட வந்து சொல்லியிருந்தா அன்னிக்கே ஒன்ன வெட்டிப் போட்டிருப்பேன். இல்ல, கட்டிக்கிட்டு அழுதிருப்பேன். ரெண்டுல எதுன்னு எனக்கே தெரியாது. தெரிஞ்சுக்க விடாமப் பண்ணிட்ட. சொல்லிட்டுத் தின்னுருக்கணும்டா என் வீட்டுல. நான் ஒன்ன மன்னிக்கல. எம் புள்ள கடிச்சுச் செத்தான். கண்ண மூடித் தொறக்கறதுக்குள்ள சாவல. கடிச்சுச் செத்தான். ஊரு அத கேக்கட்டும். நான் இருக்கறப்பவே கேக்கட்டும்."

ஒப்புதல் தாளில் என்ன எழுத வேண்டும் என்று அக்கா கேட்டார். "எல்லாத்தையும் போடுன்னு எழுது" என்றார். நான்தான் எழுதினேன். அவர் கையெழுத்துப் போட்டார்.

அம்மாவிடம் சொன்னபோது, "போனவரு மானத்த ஏண்டி வாங்கற?" என்று கேட்டாள். இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள், "அந்த ஒலக்கய இன்னும் நான் பரண்ல இருந்து எறக்கல, தெரியுமா?" என்றாள். பழைய பட்டாளத்துக்காரர் ஒருவர் போன் செய்து, தியாகியின் பெயரைக் கெடுக்கிறோம் என்று சத்தம் போட்டார். நஸ்ரின் அக்கா அவரிடம், "அவரோட அம்மாகிட்ட வந்து இதச் சொல்லுங்க, நானும் கூட வர்றேன்" என்றார். அவர் இன்னும் வரவில்லை.

உங்களுக்கு என் மேல் கோபமா? உங்கள் எழுத்தை மீறினேன். மீறியதற்கு மன்னிப்புக் கேட்கிறேன். திறந்ததற்குக் கேட்கவில்லை. இரண்டும் ஒன்றுதானே என்று நீங்கள் கேட்டால் பதில் சொல்ல எனக்குத் தெரியாது.

அன்று வேலு மாமாவின் அம்மாவைப் பட்டினச்சேரி வரைக்கும் ஆட்டோவில் கொண்டுபோய் விட்டேன். இறங்கி, கட்டுப்போட்ட காலோடு மணலில் நாலு எட்டு வைத்துவிட்டுத் திரும்பினார்.

"ஆனி மாசம் நீ வா."

"சரி, ஆயா."

"கொழம்பெல்லாம் வைக்க மாட்டேன். பாசம்னு நெனச்சுக்காத. அவன் போய்ட்டான். திட்டறதுக்கு எனக்கு ஒரு ஆளு வேணும். அடிச்சாலும் அடிப்பேன்."

"வர்றேன்."

"வாய தொறந்து சொல்லு. காத்துல கேக்கல."

"வர்றேன் ஆயா" என்று கத்தினேன். வலை பிரித்துக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

ஆனிக்கு இன்னும் இரண்டு மாதம் இருக்கிறது. நான் போவேன், அப்பா. அவர் இருக்கும்வரை ஒவ்வொரு ஆனியும் போவேன். உங்களைப் பற்றி அவர் என்ன சொன்னாலும் இடையில் மறுத்துப் பேச மாட்டேன். வலித்ததா என்று கேட்டால், வலித்தது என்று சொல்வேன்.

அவர் திட்டுவதை உங்களுக்குப் பதிலாக வாங்கிக்கொள்ளப் போகிற,
பக்கிரிசாமியின் மகள்
மலர்விழி